மழைக்கு முன்னால் ஒரு கூட்டம் போடுங்கள்: நீலகிரிப் பொறியாளர் சங்கங்களுக்கு ஒரு திறந்த மடல்

நீலகிரி மாவட்டத்தில் இயங்கும் கட்டடப் பொறியாளர் சங்கங்களின் தலைவர்கள், செயலாளர்கள், செயற்குழு உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

நான் கோத்தகிரிப் பக்கம் வீட்டு வேலையும் தடுப்புச்சுவர் வேலையும் எடுத்துச் செய்யும் பதிவுபெற்ற பொறியாளர். சந்தா பாக்கி இல்லாத உறுப்பினர். உங்களில் பலர் எனக்கு மூத்தவர்கள். சிலரிடம்தான் நான் லெவல் பார்க்கவே கற்றுக்கொண்டேன். அந்த உரிமையில் எழுதுகிறேன்.

கேட்க வந்ததை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். வடகிழக்குப் பருவமழை பிடிப்பதற்கு முன்னால், அக்டோபர் முதல் வாரத்துக்குள், எல்லாச் சங்கங்களும் சேர்ந்து ஒரு கூட்டம் போடுங்கள். அதில் பேச ஒரே பொருள் போதும்: இந்த மாவட்டத்தில் விழுந்த தடுப்புச்சுவர்கள். எந்தச் சுவர், எவ்வளவு உயரம், பின்னால் என்ன மண், தண்ணீர் எந்த வழியாக வந்தது, எப்படி விழுந்தது. கட்டியவர் பெயர் வேண்டாம், இடத்துக்காரர் பெயரும் வேண்டாம். விழுந்த விதம் மட்டும் போதும். பேசியதை எழுதி வைத்து எல்லா உறுப்பினருக்கும் அனுப்புங்கள்.

நம் கூட்டங்களில் என்ன பேசுகிறோம் என்று உங்களுக்கே தெரியும். பிளான் அப்ரூவல் தாமதம், பதிவுக் கட்டணம், எம்-சாண்ட் விலை, ஆன்லைன் போர்ட்டல் வேலை செய்யாதது. இவை எல்லாம் நியாயமான குறைகள்தான். 7 மீட்டர் உயரக் கட்டுப்பாடும் மலைப்பகுதிப் பாதுகாப்புக் குழுவின் அனுமதியும் இருக்கும் ஊரில், ஒரு கோப்பு நகர எத்தனை படி ஏற வேண்டும் என்பது சமவெளியில் இருக்கும் பொறியாளருக்குப் புரியாது. அதற்காகக் குரல் கொடுக்கச் சங்கம் வேண்டும், கொடுக்கிறீர்கள், நன்றி. ஆனால் பொறியாளர்கள் முதன்முதலில் சங்கம் வைத்தது இதற்காக இல்லை.

1818 ஜனவரி 2-ஆம் தேதி, லண்டன் ஃப்ளீட் தெருவில் கெண்டல் காஃபி ஹவுஸ் என்ற கடையில் சில இளைஞர்கள் கூடினார்கள். அவர்களில் ஹென்ரி ராபின்சன் பால்மர் என்பவருக்கு வயது இருபதுகளில். கால்வாய், பாலம், துறைமுகம் என்று இங்கிலாந்து முழுக்க வேலை நடந்துகொண்டிருந்த காலம். ஆனால் சிவில் எஞ்சினியராக ஆக விரும்புகிறவனுக்குக் கற்றுக்கொள்ள ஒழுங்கான இடம் இல்லை. யாரிடமாவது எடுபிடியாகச் சேர வேண்டும், அவருக்குத் தெரிந்ததுதான் இவனுக்கும் தெரியும். அதற்கு முன்பே, 1771-இல், ஜான் ஸ்மீட்டன் காலத்தில் ஒரு சங்கம் இருந்தது. அது பெயர்பெற்ற பெரியவர்கள் சேர்ந்து சாப்பிட்டுப் பேசும் சபையாகவே இருந்தது, இளையவர்களுக்கு அதில் இடம் இல்லை. அதனால் இவர்கள் தாங்களே சிவில் பொறியாளர் சங்கம் என்று ஒன்றைத் தொடங்கினார்கள். ஒருவர் வேலையில் கண்டதை மற்றவரிடம் சொல்வது, கேட்பவர் கேள்வி கேட்பது, இதுதான் அவர்கள் நோக்கம். இரண்டு வருடம் அதிகம் ஆள் சேரவில்லை. 1820-இல் தாமஸ் டெல்ஃபோர்டு தலைமையேற்ற பிறகுதான் அது ஊன்றியது. 1828-இல் அரச சாசனம் கிடைத்தது. 1837 முதல் கூட்ட நடவடிக்கைகளை அச்சிட ஆரம்பித்தார்கள். வாசித்த கட்டுரை மட்டுமில்லை, அதன் மேல் நடந்த விவாதமும் அச்சானது. ஒருவர் "என் அணையில் இப்படி ஒழுகியது" என்கிறார், இன்னொருவர் "எனக்கும் அப்படித்தான், நான் இன்னது செய்தேன்" என்கிறார். இந்தப் பேச்சு பதிவானதால்தான் ஒரு தலைமுறையின் அனுபவம் அடுத்த தலைமுறைக்குப் போனது.

நம்மிடம் அந்தப் பதிவு இல்லை. எனக்கு இருக்கும் பெரிய ஆதங்கமே அதுதான்.

ஒரு சுவரை எடுத்துக்கொள்வோம். சரிவில் வீட்டுக்கு இடம் பண்ண மலையை வெட்டி, வெட்டின பக்கம் 10 அடிக்கு ஆர்.ஆர். மேசனரியில், அதாவது ஒழுங்காகச் செதுக்காத கல் கட்டில், சுவர் வைக்கிறோம். சாதாரண மண்ணுக்கு, காய்ந்திருக்கும்போது, அந்தச் சுவரில் ஒவ்வொரு மீட்டர் நீளத்துக்கும் மண் தள்ளும் விசை சுமார் இரண்டே முக்கால் டன். அதே சுவருக்குப் பின்னால் தண்ணீர் மேல்மட்டம் வரை நின்றுவிட்டால், தள்ளும் விசை கிட்டத்தட்ட 6 டன். மண் மாறவில்லை, சுவர் மாறவில்லை, தண்ணீர் வெளியே போக வழியில்லை, அவ்வளவுதான். விசை இரண்டு மடங்குக்கு மேல் ஏறிவிட்டது. வேனிற்காலத்தில் கல் போல நிற்கும் சுவர் நவம்பரில் விழுவதற்கு வேறு ரகசியம் ஒன்றும் இல்லை.

இது உங்கள் எல்லோருக்கும் தெரியும். அதனால்தான் வீப் ஹோல், அதாவது தண்ணீர் வெளியேறச் சுவரில் துளை, வைக்கிறோம். சரி, எப்படி வைக்கிறோம்? போன மழைக்குப் பிறகு எங்கள் பக்கத்தில் நடு உயரத்தில் பிதுங்கி நின்ற ஒரு சுவரைப் பார்க்கப் போனேன். நாலு அங்குல பிவிசி பைப்புகள் வரிசையாக, பார்க்க அழகாக இருந்தன. ஒன்றில்கூட ஈரம் இல்லை. மேலே தேயிலைக்குள் கால் வைத்தால் கணுக்கால் வரை புதைகிறது, சுவரின் முகம் மட்டும் காய்ந்து கிடக்கிறது. ஒரு கம்பியைப் பைப்புக்குள் விட்டுப் பார்த்தேன், ஒரு சாண் போனதும் கல்லில் முட்டியது. பைப் சுவரின் முகத்தில் மட்டும் இருக்கிறது, பின்பக்க மண்ணைத் தொடவே இல்லை. அடுத்த பைப்பில் கம்பி உள்ளே போனது, ஆனால் நுனியில் களிமண் அப்பிக்கொண்டு வந்தது. அங்கே பின்னால் ஜல்லி வடிகட்டி வைக்கவில்லை, வெட்டின மண்ணையே திருப்பிப் போட்டு நிரப்பியிருக்கிறார்கள். இன்னொன்றை வீட்டுக்காரர் சிமெண்ட் வைத்து அடைத்துவிட்டார். சேற்றுத் தண்ணீர் வந்து பெயிண்ட் கெட்டுப்போகிறதாம். போதாததற்கு மேல் வீட்டுக் குளியலறைத் தண்ணீர் நேராகச் சுவருக்குப் பின்னால்தான் இறங்குகிறது.

இந்த நாலு குறையும் எனக்குப் புதிதில்லை, உங்களுக்கும் புதிதாக இருக்காது. ஆனால் குன்னூரில் ஒருவர் பார்த்ததை மஞ்சூரில் இருப்பவர் கேட்டதில்லை. ஒவ்வொருவரும் தனித்தனியாகக் கற்றுக்கொள்கிறோம், அதற்கு ஒவ்வொரு முறையும் ஒரு சுவர் விழ வேண்டியிருக்கிறது. மலைப்பகுதித் தடுப்புச்சுவர்களுக்கென்றே ஐ.எஸ். 14458 என்று ஓர் இந்தியத் தர விதி இருக்கிறது. எந்தச் சரிவுக்கு எந்த வகைச் சுவர், எப்படி வடிவமைப்பது, எப்படிக் கட்டுவது என்று பகுதி பகுதியாகச் சொல்கிறது. நம் சங்கக் கூட்டம் எதிலும் அதை எடுத்து வைத்துப் பேசியதாக நான் கேட்டதில்லை.

பெரிய வேலைகளில் இந்த மலைக்குப் பெரிய பேர் உண்டு. 1899-இல் மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர் வரையும், 1908-இல் ஊட்டி வரையும் ரயிலை ஏற்றினார்கள். 12 அடிக்கு ஓர் அடி ஏறும் செங்குத்தில் பல் தண்டவாளம் போட்டு ஏற்றிய அந்தப் பாதை இன்றைக்கும் ஓடுகிறது. 1932-இல் பைக்காரா தண்ணீர் மின்சாரமாகிக் கோயம்புத்தூர் மில்களுக்கு இறங்கியது. அப்புறம் கனடா உதவியோடு குந்தா திட்டம். அந்த வேலைகளில் ஒவ்வொரு வெட்டுக்கும் ஒரு டீம் இருந்தது, டிசைன் பார்க்க ஒருவர், சரிபார்க்க இன்னொருவர், மேலே ஒரு தலைமைப் பொறியாளர் என்று அடுக்கு இருந்தது. இன்றைக்கு இந்த மலையில் ஆளைக் கொல்வது பெரிய அணை எதுவும் இல்லை. ஒரு வீடு, ஒரு காட்டேஜ், ஒரு பத்தடிச் சுவர். அங்கே இருப்பது ஒரு பொறியாளர், ஒரு மேஸ்திரி, ஒரு பொக்லைன். சரிபார்க்க இரண்டாவது ஆள் கிடையாது. சங்கம்தான் அந்த இரண்டாவது ஆளாக இருக்க முடியும்.

2009 நவம்பரை இங்கே யாரும் மறந்திருக்க மாட்டோம். குன்னூர், கேத்தி, கோத்தகிரி என்று ஒரே மழையில் நூற்றுக்கணக்கான இடங்களில் மண் சரிந்து 40 பேருக்கு மேல் இறந்தார்கள். அதற்கு முன்னால் 1993 நவம்பரில் மரப்பாலத்தில் மண்சரிவு. அதற்கும் முன்னால் 1978, 79. 2019 ஆகஸ்டில் அவலாஞ்சியில் ஒரே நாளில் 80 சென்டிமீட்டருக்கு மேல் பெய்தது. கூடலூர், பந்தலூர் பக்கம் தென்மேற்கு மழை. குன்னூர், கோத்தகிரிக்கு வடகிழக்கு மழை. ஆக இந்த மாவட்டத்தில் ஜூன் முதல் டிசம்பர் வரை எங்காவது ஒரு சரிவு ஊறிக்கொண்டே இருக்கிறது. அடியில் சார்னோகைட் என்ற கடினமான பாறை, அதன் மேல் பல மீட்டர் தடிமனுக்கு மக்கிப்போன மண். பாறைக்கும் மண்ணுக்கும் நடுவில் தண்ணீர் இறங்கிவிட்டால் மேலே இருப்பது நகரத்தான் செய்யும்.

மழையே இல்லாத மாதத்திலும் சாவு நடந்திருக்கிறது. 2024 பிப்ரவரியில் ஊட்டிக்குப் பக்கத்தில் லவ்டேலில் கட்டுமான வேலையில் மண் சரிந்து 6 பெண் தொழிலாளர்கள் உயிரிழந்தார்கள். காலையில் தூக்குவாளியோடு வேலைக்கு வந்தவர்கள். பள்ளம் தோண்டும் வேலைக்கு ஐ.எஸ். 3764 பாதுகாப்பு விதி இருக்கிறது. ஒன்றரை மீட்டருக்கு மேல் தோண்டினால் பக்கங்களுக்கு முட்டுக் கொடுக்கச் சொல்கிறது. சைட்டுகளில் அதை யார் செய்கிறார்கள்? அந்த விபத்துக்குப் பிறகு அதிகாரிகள் கூட்டம் போட்டார்கள், கட்சிக்காரர்கள் வந்தார்கள், செய்தித்தாள்கள் எழுதின. பொறியாளர்களாகிய நாம் ஒரு மாலை நேரம் உட்கார்ந்து, ஒரு சுவருக்கு அஸ்திவாரம் எடுக்கும்போது மேலே இருப்பதை எப்படித் தாங்கவைப்பது, ஒரே நீளத்தில் வெட்டாமல் துண்டு துண்டாக வெட்டிக் கட்டுவது எப்படி என்று பேசினோமா? நான் இருக்கும் சங்கத்தில் பேசவில்லை. அது எனக்குப் பெரிய வேதனை.

1905 மார்ச்சில் அமெரிக்காவில், மாசசூசெட்ஸ் மாநிலத்தின் பிராக்டன் ஊரில், ஒரு செருப்புத் தொழிற்சாலையில் பாய்லர் வெடித்து 58 பேர் இறந்தார்கள். அந்தக் காலத்தில் பாய்லர் வெடிப்பது அங்கே ஆண்டுக்கு நூற்றுக்கணக்கில் நடந்த சங்கதி. தகட்டின் தடிமன், ரிவெட்டின் இடைவெளி, சேஃப்டி வால்வ் என்று ஒவ்வொன்றுக்கும் கம்பெனிக்குக் கம்பெனி ஒரு கணக்கு. 1907-இல் அந்த மாநிலம் சட்டம் போட்டது. அமெரிக்க இயந்திரப் பொறியாளர் சங்கம் 1880-இல் தொடங்கியது. அதன் உறுப்பினர்கள் சேர்ந்து 1914-இல் பாய்லருக்கான விதித் தொகுப்பை முடித்தார்கள். அரசாங்கம் எழுதவில்லை, சங்கம் எழுதியது. மாநிலங்கள் அதை ஒவ்வொன்றாக எடுத்துச் சட்டமாக்கிக்கொண்டன. அந்தத் தொகுப்பு திருத்தித் திருத்தி இன்றும் நடைமுறையில் இருக்கிறது. சாவை எண்ணிக் கணக்கெடுத்ததோடு அவர்கள் நின்றுவிடவில்லை, ஏன் வெடித்தது என்று ரிவெட் ரிவெட்டாகப் பேசினார்கள்.

இந்தியாவிலும் இது நடந்திருக்கிறது. 1934 டிசம்பரில் இந்தியச் சாலைப் பேராயம் அமைந்தது. சாலைப் பொறியாளர்கள் கூடி அனுபவத்தைப் பகிர்ந்துகொள்ளும் அமைப்பு அது. மலைச்சாலையில் ஏற்றம் எவ்வளவு இருக்கலாம், கொண்டை ஊசி வளைவின் ஆரம் என்ன, ஓரக் கால்வாய் எப்படி என்று நாம் பார்க்கும் விதிகள் அதன் குழுக்களில் பேசி எழுதியவை. மலைச்சாலைக் கையேடு 1998-இல் வந்தது. நெடுஞ்சாலைத் துறையில் இருக்கும் நம் நண்பர்கள் அதைக் கையில் வைத்துக்கொண்டுதான் பேசுகிறார்கள். அண்மைக் காலத்தில் சாலையோரச் சரிவுகளில் மண் ஆணி (சரிவுக்குள் இறக்கும் நீளக் கம்பி) அடித்து, மேலே புல் விதைத்து நிறுத்தும் முறையையும் அந்தத் துறை இங்கே கொண்டுவந்திருக்கிறது. சாலைக்கு இவ்வளவு நடந்திருக்கிறது. சாலைக்கு மேலே இருக்கும் வீட்டுச் சுவருக்குத்தான் யாரும் இல்லை.

யாரும் இல்லை என்று நான் சொல்வதில் சட்டமும் சேர்த்தி. வழக்கறிஞர்களுக்கு 1961-இல் சட்டம் வந்தது. கட்டடக் கலைஞர்களுக்கு 1972-இல் வந்தது. பட்டயக் கணக்காளர்களுக்கு 1949-லேயே வந்துவிட்டது. தப்பு செய்தால் அவர்களைக் கூப்பிட்டுக் கேட்க, பெயரை நீக்க, சட்டப்படி ஓர் அமைப்பு உண்டு. பொறியாளர்களுக்கு நாடு முழுவதற்குமான அப்படி ஒரு சட்டம் ஏற்பட்டதில்லை. பேச்சு வரும், வரைவு வரும், அங்கேயே நிற்கும். தமிழ்நாட்டில் 2019-இல் வந்த ஒருங்கிணைந்த கட்டட விதிகள் பொறியாளர், கட்டமைப்புப் பொறியாளர், மண் இயல் பொறியாளர் என்று பிரித்துப் பதிவு செய்யச் சொல்கின்றன. நல்ல ஆரம்பம். ஆனால் பதிவு எண் யாருக்கும் ஒழுக்கம் கற்றுத்தராது. ஒரு பொறியாளர் இன்னொரு பொறியாளரிடம் எப்படி நடந்துகொள்ள வேண்டும், வீட்டுக்காரர் நெருக்கும்போது எங்கே நிற்க வேண்டும் என்பதைச் சங்கம்தான் சொல்லித்தர வேண்டும்.

இதை ஏன் அழுத்திச் சொல்கிறேன் என்றால், எனக்கு நடந்தது ஒன்று உண்டு. காட்டேஜ் கட்ட ஒருவர் வந்தார். வீட்டுக்குப் பின்னால் பதினைந்தடிக்குச் செங்குத்தாக வெட்ட வேண்டும் என்றார். படிப்படியாகத்தான் வெட்ட முடியும், மண் பரிசோதனை பண்ணாமல் டிசைன் தர மாட்டேன் என்றேன். "எத்தனையோ எஞ்சினியர் இருக்காங்க மேடம்" என்று எழுந்து போனார். கொஞ்ச நாளில் அதே இடத்துக்கு வேறொருவர் கையெழுத்துப் போட்டுவிட்டார். அவரும் நம் சங்கத்து ஆள்தான். என்னைக் கூப்பிட்டு "ஏன் விட்டீங்க?" என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டிருந்தால் அந்தச் சரிவில் மேலே ஊற்று இருப்பதைச் சொல்லியிருப்பேன். அடுத்த மழைக்கே அந்த வெட்டு வாய் திறந்துவிட்டது. கீழே ஒரு குடும்பத்தின் சமையலறை. நல்லவேளையாக ஆள் சேதம் இல்லை. எனக்கு அவர் மேல் கோபம் இல்லை, அவருக்கும் வீட்டு வாடகை உண்டு, பிள்ளைகள் உண்டு. அப்படி ஒரு வழக்கத்தை நாம் ஏற்படுத்தவே இல்லை என்பதுதான் என் குறை.

பட்டயக் கணக்காளர்களிடம் அந்த வழக்கம் இருக்கிறது. ஒரு நிறுவனத்தின் தணிக்கையை ஏற்கும் முன்னால், முன்பு தணிக்கை செய்தவருக்கு எழுத்தில் தெரிவித்தாக வேண்டும். தெரிவிக்காமல் ஏற்றால் அது தொழில் ஒழுங்கீனம். காசு கணக்குக்கே அவ்வளவு ஜாக்கிரதை. மண்ணை வெட்டும் வேலைக்கு நாமும் அதையே வைத்துக்கொள்ளலாம். ஒரு பொறியாளர் விட்ட வேலையை எடுக்கும் முன் அவருக்கு ஒரு போன் செய்வது. இதற்குச் சட்டம் வர வேண்டியதில்லை, பொதுக்குழுவில் ஒரு தீர்மானம் போதும்.

அப்புறம், மாட்டேன் என்று சொன்னவருக்குச் சங்கம் பின்னால் நிற்க வேண்டும். 1972-இல் சான் ஃபிரான்சிஸ்கோ வட்டாரத்தில் புதிதாக வந்த மின்ரயிலில் தானியங்கிக் கட்டுப்பாடு சரியில்லை என்று மூன்று பொறியாளர்கள் எச்சரித்தார்கள். அவர்களை வேலையை விட்டு நீக்கிவிட்டார்கள். அதே ஆண்டு அக்டோபரில் ஒரு ரயில் நிற்க வேண்டிய இடத்தில் நிற்காமல் நிலையத்தைத் தாண்டி ஓடியது. மூவரும் வழக்குப் போட்டார்கள். மின், மின்னணுப் பொறியாளர்களின் பெரிய சங்கமான ஐ.இ.இ.இ. 1975-இல் அந்த வழக்கில் நீதிமன்றத்துக்கு ஒரு மனு கொடுத்தது. பொதுமக்கள் பாதுகாப்பை முதலாக வைப்பது பொறியாளரின் கடமை, அந்தக் கடமையைச் செய்ததற்காக வேலையைப் பறிக்கக் கூடாது என்பது அதன் வாதம். வழக்கு சமரசத்தில் முடிந்தது. 1978-இல் அதே சங்கம், பொதுநலச் சேவைக்கென்று ஏற்படுத்திய விருதை முதன்முதலாக அந்த மூவருக்கும் கொடுத்தது. வேலை போனது போனதுதான், விருது அதை ஈடு செய்யாது. ஆனாலும் அடுத்து எச்சரிக்க நினைப்பவனுக்குத் தான் தனி ஆள் இல்லை என்று தெரிந்தது.

நம் ஊரில் பாலிடெக்னிக் முடித்துவிட்டுச் சைட்டுக்கு வரும் பிள்ளைகளை நினைத்துப் பாருங்கள். ஒப்பந்தக்காரர் "ஊத்துப்பா" என்றால் ஊற்றத்தான் செய்வார்கள். கம்பி குறைகிறது, ஜல்லி வடிகட்டி இல்லை என்று சொல்ல அவர்களுக்கு யார் பலம்? எழுதிக்கொடுக்க ஒரு சங்கக் கடிதத் தாள், போன் எடுத்துப் பேச ஒரு மூத்தவர். இதுவே அவர்களுக்குப் பெரிய துணை.

பட்டயம் மட்டும் வைத்திருந்த என்னைப் போன்றவர்களுக்குச் சங்கம் என்பது படிப்பாகவும் இருந்திருக்கிறது. இந்தியப் பொறியாளர் கழகம் 1920-இல் தொடங்கியது, 1935-இல் அரச சாசனம் பெற்றது. அது நடத்திய, பொறியியல் பட்டத்துக்கு இணையாக இருந்த ஏ.எம்.ஐ.இ. தேர்வை வேலை பார்த்துக்கொண்டே எழுதித்தான் மின்வாரியத்திலும் பொதுப்பணித் துறையிலும் எத்தனையோ பேர் மேலே வந்தார்கள். குந்தா கேம்ப் குவார்ட்டர்ஸில் இரவுப் பணி முடித்துவிட்டு அதற்குப் படித்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். கல்லூரி வாசல் மிதிக்க வசதியில்லாதவனுக்கு ஒரு பொறியாளர் சங்கம் தேர்வு வைத்து, தேறினால் நீ எங்களுக்குச் சமம் என்று சொன்னது எவ்வளவு பெரிய விஷயம்! 2013 மே மாதத்துக்குப் பிறகு சேர்ந்தவர்களுக்கு அது பட்டத்துக்கு இணை என்ற மதிப்பு இல்லாமல் போனது எனக்கு இன்றும் வருத்தம்தான். அது தனிக்கதை, வேறொரு மடலில் எழுத வேண்டியது.

பெண்களைப் பற்றியும் ஒன்று. சென்னையைச் சேர்ந்த அ. லலிதா 1943-இல் கிண்டிப் பொறியியல் கல்லூரியில் மின்பொறியியல் முடித்தார். சின்ன வயதில் கணவரை இழந்து, கைக்குழந்தையோடு படித்தவர். பக்ரா நங்கல் மின்தடங்களுக்கான வேலையில் பங்கெடுத்தார். லண்டனில் இருந்த மின்பொறியாளர் கழகம் 1953-இல் அவரைத் தன் உறுப்பினர் வரிசையில் சேர்த்தது, 1966-இல் முழு உறுப்பினராக்கியது. 1964-இல் நியூயார்க்கில் நடந்த முதலாவது உலகப் பெண் பொறியாளர், விஞ்ஞானியர் மாநாட்டுக்கும் போய்வந்தார். அந்தக் காலத்திலேயே அப்படி ஒருவர் இருந்த தமிழ்நாட்டில், நம் சங்கச் செயற்குழுக்களில் எத்தனை பெண்கள் என்று நீங்களே பாருங்கள். மகளிர் தினத்துக்குப் பூங்கொத்து வேண்டாம். செயற்குழுவில் நாற்காலி கொடுங்கள். சைட்டில் மண் சுமப்பவர்களில் பாதிக்கு மேல் பெண்கள். பள்ளத்துக்குள் நிற்க அவர்களுக்கு பயமாக இருந்தால் முதலில் எங்களிடம்தான் சொல்கிறார்கள்.

இனி, விழுந்த சுவர்களுக்கான பதிவேட்டை எப்படி நடத்துவது என்பது. பிரிட்டனில் 2005 முதல் கட்டமைப்புப் பாதுகாப்புக்கு ஒரு ரகசியப் புகார் முறை இருக்கிறது. கட்டமைப்புப் பொறியாளர் சங்கமும், காஃபி கடையில் பிறந்ததாகச் சொன்னேனே அந்தச் சிவில் பொறியாளர் சங்கமும் அதன் பின்னால் இருக்கின்றன. வேலையில் கண்ட குறையை, விழப்போய்த் தப்பியதைக்கூட, ஒருவர் எழுதி அனுப்பலாம். பெயர், இடம் எல்லாவற்றையும் எடுத்துவிட்டு, அனுபவசாலிகள் குறிப்பெழுதி எல்லோரும் படிக்க வெளியிடுகிறார்கள். யாரையும் மாட்டிவிடுவது அதன் நோக்கம் இல்லை. நமக்கு அவ்வளவு பெரிய ஏற்பாடு வேண்டாம். ஒரு பக்கப் படிவம் போதும். சுவரின் உயரம், அடி அகலம், கல்லா கான்கிரீட்டா கேபியனா (கம்பி வலைக்கூட்டில் கல் அடைத்ததா), வீப் ஹோல் இருந்ததா, பின்னால் என்ன நிரப்பினார்கள், மேலே என்ன இருந்தது, எந்த மாதம், விழுவதற்கு எத்தனை நாள் முன்னாலிருந்து விரிசல் தெரிந்தது, இரண்டு மூன்று போட்டோ. ஓய்வுபெற்ற நெடுஞ்சாலை, மின்வாரியப் பொறியாளர்கள் நம் ஊர்களில் எத்தனையோ பேர் இருக்கிறார்கள். அவர்களில் இரண்டு பேர் மாதத்துக்கு ஒரு நாள் உட்கார்ந்தால் படித்து ஒழுங்குபடுத்திவிடலாம். இதைப் பேச வழக்கறிஞர் ஒருவரையும் கூப்பிடுங்கள். எழுதி அனுப்புகிறவருக்குப் பின்னால் தொல்லை வராமல் படிவத்தை எப்படி அமைப்பது என்று அவர் சொல்லட்டும்.

மேஸ்திரிகளை விட்டுவிட்டு இதைச் செய்ய முடியாது. சுவரைக் கட்டுவது அவர்கள்தான். பைப்பை முகத்தோடு நிறுத்துவதும், பின்பக்கம் வரை கொண்டுபோவதும் அவர்கள் கையில் இருக்கிறது. கோத்தகிரியிலும் குன்னூரிலும் ஞாயிற்றுக்கிழமை காலையில், ஒரு பழைய சுவரைப் பிரித்துக் காட்டி, வடிகட்டி ஜல்லியை எப்படி அடுக்குவது என்று இரண்டு மணி நேரம் சொல்லிக்கொடுத்தால் போதும். வருகிறவர்களுக்கு அன்றைய கூலியில் பாதியாவது சங்கம் கொடுக்க வேண்டும். செப்டம்பர் 15 பொறியாளர் தினத்துக்கு மேடை, சால்வை, விருந்து என்று செலவழிப்பதில் ஒரு பகுதி இதற்குப் போகட்டும். விசுவேசுவரய்யா பிறந்த நாளை அப்படிக் கொண்டாடினால் அவருக்கும் மரியாதைதான்.

"இதெல்லாம் வெளியே வந்தால் நம் பேர் கெட்டுப்போகும், வேலை கோயம்புத்தூர்க்காரர்களுக்குப் போய்விடும்" என்று உங்களில் ஒருவர் என்னிடமே சொன்னார். அந்தப் பயம் எனக்குப் புரிகிறது. ஆனால் சுவர் விழுந்ததை ஊரே பார்க்கிறது, செல்போனில் வீடியோ எடுத்துப் போடுகிறார்கள். ஏன் விழுந்தது என்று தெரிந்தவர்கள் மட்டும்தான் பேசாமல் இருக்கிறோம். நாம் பேசாத இடத்தில் "மலைன்னா அப்படித்தான், மழைன்னா அப்படித்தான்" என்ற பேச்சு வந்து உட்கார்ந்துவிடுகிறது.

கடைசியாக நடைமுறை விஷயம். அக்டோபர் முதல் வாரத்தில் ஒரு ஞாயிறு மதியம் எல்லோருக்கும் ஒத்துவரும் என்று நினைக்கிறேன். ஊட்டி, குன்னூர், கோத்தகிரி, கூடலூர் நாலு பக்கத்திலிருந்தும் பஸ்ஸில் வந்துபோக முடிகிற இடமாக இருக்கட்டும். இடத்துக்கான செலவை உறுப்பினர்கள் பகிர்ந்துகொள்ளலாம், என் பங்கை முன்கூட்டியே தருகிறேன். நான் இதுவரை போய்ப் பார்த்த சுவர்களின் அளவுகள், போட்டோக்கள், கைவரைபடங்கள் எல்லாம் ஒரு கோப்பில் இருக்கின்றன. அந்தக் கோப்பை முதல் பதிவாகச் சங்கத்திடம் ஒப்படைக்கிறேன். தேதி குறித்ததும் தெரிவியுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் உறுப்பினர் ஒருத்தி,
கோத்தகிரி